சாய டின் கீரை

பிள்ளையார்பாளையத்தில் பானை வாங்குகிற பெண்பிள்ளைகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். விரலை மடக்கி ஒரு தட்டு. கணீரென்று சத்தம் வந்தால் காசு, இல்லாவிட்டால் உதட்டைப் பிதுக்கிவிட்டு அடுத்த பானை. ஏலவார்குழலி மட்டும் பானைக்குள் முழங்கை வரை கையை விட்டு ஆழம் பார்த்துக்கொண்டிருந்தாள். பானைக்கார குப்புசாமிக்கு எரிச்சல் தாங்கவில்லை.

"இன்னாமா, உள்ள இன்னா தேடிக்கினு இருக்கே? சோறு வடிக்கவா, தண்ணி ஊத்தி வெக்கவா? வாயத் தொறந்து சொல்லு."

"கீரை போடணும்ணா. கீரைக்கு ஆழம் வாணாம், வாய் அகலமா இருந்தாப் போதும். கத்திரிக்கு மட்டும் ஆழமா ஒண்ணு குடு. வேர் எறங்கணுமில்ல?"

"அதுக்கு பூந்தொட்டிதான் சரி. பச்ச மண்ணுலயே அடியில ஓட்ட வெச்சு சுடணும். இந்த ஐப்பசி மழையில சூளைய எங்க வெக்கறது? தையில வா, செஞ்சு தரேன்."

"தையில எனக்கு எட்டு மாசம் ஆயிடும். ரத்தம் இப்ப ஊறணும்னு நர்ஸம்மா சொல்லிக்கினு இருக்காங்க."

குப்புசாமி அவள் வயிற்றைப் பார்த்தார். "அப்படின்னா இதுலயே நாலு எடுத்துக்கினு போ. வீட்ல ஆணி வெச்சு ஓட்ட போட்டுக்கோ" என்றார். விற்றால் போதும் என்று சொன்ன பேச்சு அது. பானை வனைகிற மனுஷனுக்குத் தெரியாதா, எந்த வீட்டில் எதைச் சொல்லலாம் என்று?

குழலி எங்கள் எதிர்வீட்டு மாணிக்கவாசகத்தின் பெண்சாதி. பிறந்தது கூரம் கிராமம். கிணற்றடியும் பாத்தியும் பார்த்து வளர்ந்த கை, எதை ஊன்றினாலும் துளிர்க்கும் என்று பேர். அந்தக் கைக்கு எங்கள் தெரு என்ன கொடுத்தது? தறிக்கான பட்டு நூலைச் சோடாக்காரத்தில் வேகவைத்து வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொல்லையிலேயே கொட்டிக் கொட்டி, புல்கூட முளைக்காத உவர் மண். அவள் ஒரு வருஷம் கொத்திப் பார்த்துவிட்டு விட்டுவிட்டாள்.

இரண்டு பிள்ளைகள் வயிற்றிலேயே போய்விட்டன. முதலாவது மூன்றாம் மாசத்தில். இரண்டாவது ஆறாம் மாசத்தில், அவள் அம்மா செத்த சேதியை எவனோ ஒரு புண்ணியவான் சைக்கிளை நிறுத்தாமலே வாசலில் கத்திவிட்டுப் போன வாரத்தில். இது மூன்றாவது. முனிசிபல் பிள்ளைப்பேறு விடுதி நர்ஸ் பொன்னியம்மாள் அவள் கண் ரெப்பையைக் கீழே இழுத்துப் பார்த்துவிட்டு, "சுண்ணாம்பா வெளுத்திருக்குது. தெனம் கீரை சாப்பிடணும். இல்லன்னா இதுவும் தங்காது" என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள். அரிசிக்கே ரேஷன் கடை வாசலில் கால் கடுக்க நின்ற காலம். கடைத்தெருவில் வந்த கீரையை மாமியார் கமலாட்சி வீட்டுக்குள் விடமாட்டாள். "சாக்கடத் தண்ணியில வளந்த எழவ என் மருமவ துன்னணுமா?" என்பாள். சுத்தம் என்றால் அவளுக்கு அப்படி ஒரு பிடிவாதம். அதனால்தான் பானை.

வீட்டுக்கு வந்து முற்றத்தில் பானையைக் கவிழ்த்து, அடியில் ஆணியை நிறுத்தி, குழலி கல்லால் தட்டியதும் தட்டாததுமாக அடுப்படியிலிருந்து கமலாட்சி ஓடி வந்தாள். அந்தச் சத்தத்தில் என் தறி நாடா கையிலேயே நின்றுவிட்டது.

"அடிப்பாவி! இன்னா காரியம்டி பண்றே? எட்றீ கைய!"

"ஓட்ட இல்லன்னா தண்ணி தேங்கி வேர் அழுவிடும் அத்த."

"வயித்துல புள்ளய வெச்சிக்கினு புதுப்பானையில ஓட்ட போடுவியா? யாருக்குடி போடறே ஓட்ட? யாருக்கு?"

எங்கள் பக்கத்தில் பானைக்கு ஓட்டை போடுவது ஒரே ஒரு இடத்தில்தான். கொள்ளி வைக்கிற பிள்ளை தண்ணீர்க்குடத்தைத் தோளில் வைத்துக்கொண்டு பிணத்தைச் சுற்றி வருவான். ஒவ்வொரு சுற்றுக்கும் பின்னால் நிற்பவர் குடத்தில் ஒரு ஓட்டை போடுவார். தண்ணீர் பீச்சியடிக்கும். கடைசியில் குடத்தை முதுகுப்பக்கம் போட்டு உடைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் நடப்பான். அதனால் எங்கள் தெருவில் எந்தப் பெண்ணும் நல்ல பானையில் ஆணி வைக்கமாட்டாள். கமலாட்சியைக் குற்றம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. என் வீட்டிலும் அதையேதான் சொல்லியிருப்பார்கள்.

குழலி அழுதாள். "அப்படின்னா நான் கீரைக்கு எங்க போவேன்? இதுவும் போயிடட்டும்னு சொல்றீங்களா?"

"வாய அலம்புடி மொதல்ல." கமலாட்சி பானைகளை வாரி அடுப்படிக்குக் கொண்டுபோய் உப்புக்கும் புளிக்கும் வைத்துக்கொண்டாள். பிறகு வந்து மருமகள் பக்கத்தில் குந்தினாள். குரல் இறங்கியிருந்தது. "நாம்பதான் ஓட்ட போடக் கூடாது. தானா வுழுந்த ஓட்டைக்கு தோஷம் இல்ல. இரு, நான் பாக்கறேன்."

அவள் பார்த்தது வேணுகோபாலின் சாயப்பட்டறையை. பட்டறைக்குப் பின்னால், பழைய இரும்புக்காரன் வருகிற வரைக்கும், காலி டின்களை மழையில் குவித்து வைத்திருப்பார்கள். அகல வாய், முழங்கால் உயரம், அடியெல்லாம் துரு தின்று பொத்தல் பொத்தலாக. கீரைக்கு அதைவிட வாகான தொட்டி கிடையாது, அதில் எனக்கும் சந்தேகமில்லை. வேணுகோபால் அப்போது சித்தூரில் தங்கச்சி வீட்டுக் கல்யாணத்துக்குப் போயிருந்தார். கூலி ஆள் ஒருவன்தான் இருந்தான். "எடுத்துக்கினு போ ஆயா, இதுக்கு எவன் கணக்குக் கேப்பான்?" என்று தன் தலையிலேயே வைத்துக் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போனான்.

கமலாட்சி டின்களைக் கழுவினாள். சும்மாக் கழுவவில்லை, சாம்பல் போட்டுத் தேங்காய் நாரால் தேய்த்துக் கழுவினாள். மஞ்சளாகத் தண்ணீர் வந்தது. மறுபடி ஊற்றினாள். மறுபடி மஞ்சள். முற்றத்துத் தளம் முழுக்க மஞ்சள் ஓடி வாசல் கால்வாய் வரைக்கும் வந்தது.

"போவ மாட்டேங்குது அத்த" என்றாள் குழலி.

"மஞ்ச தானடி, நல்லதுதான். மங்களகரமா இருக்குது, வுடு."

கூரத்திலிருந்து குழலியின் அப்பா அப்பாதுரை சைக்கிள் கேரியரில் மண்மூட்டை கட்டிக்கொண்டு வந்தார். மண்ணோடு மக்கிய சாணமும் மணலும் கலந்து டின்களை நிரப்பினாள். அரைக்கீரை ஒன்றில், முளைக்கீரை ஒன்றில், மணத்தக்காளி ஒன்றில், கத்தரி நாற்று ஒன்றில். மல்லிப்பதியன் வைக்கலாமே என்று ஜெயம்மாள் சொன்னதற்கு, "பூவத் துன்னா ரத்தம் ஊறுமா ஜெயக்கா?" என்று சிரித்தாள். ஜெயம்மாள் பின்வீட்டுக்காரி, புருஷன் இல்லாதவள், கூலிக்கு இழை சுற்றிக் கொடுத்துப் பிழைக்கிறவள். குழலிக்கு இந்தத் தெருவில் மனசு விட்டுப் பேச இருந்த ஒரே ஆள்.

முதல் விதைப்பு முளைத்து, இரண்டு இலை விட்டு, நுனி கருகிச் சாய்ந்தது. டின் சூடு என்று நினைத்துக் குழலி இன்னும் சாணம் போட்டு மறுபடி விதைத்தாள். இரண்டாவது நின்றது. குள்ளமாக, இலை தடித்து, கறுத்த பச்சையில் வந்தது. கீரை அப்படிக் கறுத்து நான் பார்த்ததில்லை. என் பெண்சாதியிடம் சொன்னேன். "புள்ளத்தாச்சி கீரையில கண்ணு வெக்காதீங்க" என்று என்னை அதட்டினாள். நான் தறிக்குத் திரும்பிவிட்டேன்.

சுவரில் ஒட்டிய தேர்தல் போஸ்டரைக்கூடப் பசையோடு தின்கிற ஆடுகள் எங்கள் தெரு ஆடுகள். ஒருநாள் வாசல் திறந்திருந்தபோது ஒன்று முற்றத்துக்குள் போய் ஒரு வாய் கடித்தது. கடித்ததைத் தரையில் உதறிவிட்டு வெளியே வந்தது. குழலிக்குப் பெருமை. "பாத்தீங்களா அத்த, ஆடுகூட எம்மேல எவ்ளோ மரியாத வெச்சிருக்குது."

கார்த்திகை பாதியிலிருந்து தினமும் கீரை. கடைந்தாள், பொரித்தாள், பருப்பில் போட்டாள். கமலாட்சி ஒரு கரண்டிகூடத் தொடமாட்டாள், மகனுக்கும் தரமாட்டாள். "உனுக்கு எதுக்குடா? நீயா புள்ள பெக்கப் போறே?" மாணிக்கவாசகம் ரசத்தை ஊற்றிக்கொண்டு எழுந்துவிடுவான். வளைகாப்புக்கு அப்புறம் அம்மா வீட்டுக்குப் போக வேண்டிய பெண், அம்மா இல்லாததால் இங்கேயே இருந்தாள். கமலாட்சி அவளைக் குடம் தூக்கவிடவில்லை, தறியில் கரை சேர்க்கிற கோர்வை வேலைக்கு எதிர்ப்பக்கம் உட்காரவிடவில்லை. தனக்குத் தெரிந்த எல்லா வழியிலும் அந்தப் பிள்ளையைக் காத்தாள்.

குழலிக்கு வாயெல்லாம் புண் வந்தது. தின்றது வயிற்றைப் பிசைந்துகொண்டு வெளியே வந்தது. மஞ்சளாக வாந்தி எடுத்தாள். பொன்னியம்மாள் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்துவிட்டு, "சூடுதான். மோர் குடி. கீரை சாப்பிட்டுக்கினு இருக்கியா?" என்று கேட்டாள்.

"தெனம் சாப்பிடறேம்மா."

"அதை விட்டுடாதே" என்றாள் பொன்னியம்மாள்.

மார்கழியில் ஒருநாள் காலை வேணுகோபால் சாயம் போட்ட பட்டைக் கொடுக்க வந்தார். வீட்டில் தெலுங்கு, வெளியே எங்களைப் போலவே பேச்சு, யாரையும் அதட்டத் தெரியாத மனுஷன். குழலி தெருக்குழாய் வரிசையில் இடம் பிடித்து நின்றிருந்தாள், குடத்தை ஜெயம்மாள் தூக்கி வருவாள். வேணுகோபால் கை கழுவ முற்றத்துக்குப் போனவர் கழுவாமலே திரும்பி வந்து தறிக்கு முன்னால் நின்றார். வாசல் கதவு திறந்தே இருந்தது. எனக்கு எல்லாம் தெரிந்தது.

"யக்கா, அந்த டின்னு எங்கேருந்து வந்துச்சு?"

"உன் பட்டறையிலேருந்துதான். ஏம்பா, வெல கேக்கப் போறியா?" கமலாட்சி சிரித்தாள்.

"அதுல இருக்கற கீரைய யாரு துன்னாங்க?"

"குழலிதான். அவளுக்குன்னுதான் போட்டது."

வேணுகோபால் அப்படியே குந்திவிட்டார். இரண்டு கையையும் விரித்துக் காட்டினார். விரல் இடுக்கில், நகத்தடியில், கம்பியால் குத்தியெடுத்த மாதிரி வட்ட வட்டமாகப் பள்ளம். "இதப் பாருக்கா. ஆறவே ஆறாது. அந்த டின்னு சாயம் வந்த டின்னு இல்ல. சாயம் வெளுக்காம நிக்கறதுக்குப் போடற மஞ்ச உப்பு வந்த டின்னு. பம்பாய்லேருந்து வரும். மேல மண்டஓடு போட்டிருப்பான், மழையில காயிதம் ஊறிப் போயிருக்கும். தோல்ல பட்டாலே இப்படித் துன்னுது. மூக்குல ஏறினா ரத்தம் வருது. அய்யய்யோ, நான் ஊர்ல இல்லாமப் போயிட்டேனே. இருந்திருந்தா தொட வுட்டிருப்பனா?"

மாணிக்கவாசகம் தறிக்குழியிலிருந்து எழுந்தான். எழுந்த வேகத்தில் தறியின் பாவில் கை ஊன்றி, இரண்டு இழை அறுந்தது. "கொழந்தைக்கு ஆவாதா?" என்று கேட்டான்.

"எனுக்கு எப்படித் தெரியும் மாணிக்கம்? நிறுத்திடுங்க. இன்னிக்கே புடுங்கிப் பொதச்சிடுங்க. நர்ஸம்மாகிட்ட விஷயத்த சொல்லுங்க."

"வரட்டும். அவகிட்ட மொதல்ல சொல்லிடறேன்" என்றான் மாணிக்கவாசகம்.

"சொல்லக் கூடாது." கமலாட்சி மகன் கையைப் பிடித்துக்கொண்டாள். "போன தபா அவ அம்மா செத்தத சொன்னதுலதான அது போச்சு? வெஷத்தத் துன்னியேடின்னு இப்ப இவகிட்ட சொன்னா தாங்குவாளா? அந்தப் பயத்துலயே வுழுந்துடும்டா. போனது போவட்டும், இனிமே துன்ன மாட்டா. அவ்ளோதான்."

"நர்ஸம்மாகிட்டயாவது..."

"அவ வாயி ஊரு வாயி. இவ காதுக்கு வராம இருக்குமா? புள்ள கையில வர்ற வரைக்கும் யாரும் மூச்சு வுடக் கூடாது. வேணு, நீயுந்தான்."

வேணுகோபால் தலையை ஆட்டினார். மாணிக்கவாசகம் அம்மா முகத்தையும் வாசலையும் மாறி மாறிப் பார்த்தான். அம்மா சொல்லை அவன் எப்போது தாண்டினான், அன்றைக்குத் தாண்ட? சொல்லிவிடுவதே மேல் என்று எனக்குப் பட்டது. ஆனாலும் இரண்டு பிள்ளை போன வீட்டில் எது சரி என்று எடுத்துச் சொல்லும் தைரியம் எதிர்வீட்டுக்காரனுக்கு எங்கிருந்து வரும்?

குழலி குழாயடியிலிருந்து வருவதற்குள் எல்லாம் பிடுங்கியாகிவிட்டது. கீரையைக் குழியில் போட்டு மூடினார்கள். டின்களை வேணுகோபாலே தூக்கிக்கொண்டு போய்விட்டார்.

"எங்க அத்த என் கீரை?"

"ஆடு பூந்துடுச்சுமா. மொத்தத்தயும் மேஞ்சிடுச்சு."

"ஆடா? டின்னையும் சேத்தா துன்னுச்சு?"

"ஆடு வாய் வெச்சதுல துன்னக் கூடாதுன்னு டின்னைத் திருப்பிக் குடுத்துட்டேன். வுடு. கடையில நல்ல கீரையா வாங்கிக்கலாம்."

குழலி முற்றத்தில் டின் இருந்த இடத்தைப் பார்த்தாள். ஆடு அதைத் தொடாது என்று அவளுக்குத் தெரியும். கடைக்கீரை வாசல் ஏறக் கூடாது என்ற மாமியார் கடைக்கீரை வாங்கலாம் என்கிறாள். எவளோ வந்து ஓட்டை, தோஷம் என்று ஏதோ ஓதிவிட்டுப் போயிருக்கிறாள், கிழவி நம்பிவிட்டாள், அவ்வளவுதான் என்று அவள் முடிவு கட்டிக்கொண்டாள். வேறு எதை நினைப்பாள்? உள்ளதை யாரும் சொல்லவில்லையே.

கடைக்கீரை நாலு நாள் வந்தது. பிறகு மார்கழிப் பனியில் வரத்து இல்லை என்றார்கள். கமலாட்சி முட்டை வாங்கினாள், பேரீச்சம்பழம் வாங்கினாள். குழலி எல்லாவற்றையும் வாங்கிச் சாப்பிட்டாள். வாந்தி கொஞ்சம் குறைந்த மாதிரி இருந்தது, அப்புறம் மறுபடி எடுத்தாள். கமலாட்சி ஏகாம்பரநாதர் கோயிலுக்குப் போய் மாமரத்தைச் சுற்றிவிட்டு வந்தாள். போகிற வழியில் என்னைப் பார்த்து, "இன்னும் கொஞ்ச நாளுதாம்பா" என்றாள். முகம் வற்றிப் போயிருந்தது.

தை பிறந்தது. பொங்கல் முடிந்த வாரம், இழை சுற்றக் கொடுக்கக் கமலாட்சி ஜெயம்மாள் வீட்டுக்குப் போனாள். ஜெயம்மாள் கொல்லையில் இருப்பதாகக் குரல் கொடுக்க, நேரே கொல்லைக்கே போய்விட்டாள். சுவரோரம் நல்ல வெயிலில் இரண்டு டின். அகல வாய். கறுத்த பச்சையில் அரைக்கீரை. அன்றைக்குக் காலையில் கிள்ளிய தண்டுகளில் இன்னும் ஈரம் காயவில்லை.

"இது இன்னாடி ஜெயம்மா?" என்று கேட்டாளாம்.

"குழலி வெச்சதுக்கா. உங்க முத்தத்துல வெயில் பத்தலன்னு, பட்டறை ஆளுகிட்ட சொல்லி கார்த்திகையிலயே இன்னும் ரெண்டு டின்னு கொண்டாந்து இங்க வெச்சா. நீங்க கோச்சுக்குவீங்கன்னு சொல்ல வாணாம்னா. புள்ளத்தாச்சி கேக்கறா, நான் எப்படி மாட்டேங்கறது? நான்தான் தெனம் கடைஞ்சு தரேன். ஒரு புடி கீரை, எனக்குக்கூட வெச்சிக்கறதில்ல."

கமலாட்சி தெருவில் ஓடி வந்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன். முந்தானை தரையில் புரண்டது. நானும் தறியை விட்டு எழுந்து போனேன். குழலி ராட்டையில் ஊடை நூல் சுற்றிக்கொண்டிருந்தாள்.

"எவ்ளோ நாளா துன்னுக்கினு இருக்கே அந்தக் கீரைய?"

குழலி பயப்படவில்லை. "நீங்க புடுங்கிப் போட்ட அன்னிலேருந்து. நீங்க எந்த சாஸ்திரத்தயோ நெனச்சிக்கினு புடுங்குவீங்க, நான் கொழந்தயப் பாக்க வாணாமா? நர்ஸம்மா வுடாதேன்னு சொல்லியிருக்காங்க. இந்தப் புள்ளய நான் வுட மாட்டேன் அத்த. திட்டறதானா திட்டிக்கோங்க."

"அய்யோ, அது வெஷம்டி! வேணு சொன்னான். டின்னு உப்பு வெஷம். நீ பயந்துடுவேன்னு..." கமலாட்சி தலையில் அடித்துக்கொண்டு மருமகள் காலடியில் உட்கார்ந்துவிட்டாள். "உங்கிட்ட சொல்லலடி. சொல்லல."

ராட்டை தானாகக் கொஞ்சம் சுற்றி நின்றது. குழலி மாமியாரைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள். மாணிக்கவாசகம் தலையைக் குனிந்துகொண்டான். அவள் கை மெதுவாக வயிற்றுக்குப் போனது.

"நேத்திலேருந்து அசையல" என்றாள். "தூங்குதுன்னு நெனச்சேன்."

நான்தான் ஓடிப்போய் ஜட்கா வண்டி பிடித்து வந்தேன். கமலாட்சி குழலியை மடியில் சாய்த்துக்கொண்டு ஏறினாள். பிள்ளையார்பாளையத்திலிருந்து பிள்ளைப்பேறு விடுதி வரைக்கும் வழியெல்லாம் பட்டு நூலை நீட்டிப் பாவு விரித்திருந்தார்கள். வண்டிக்காரன் மணியடித்து மணியடித்து ஒதுங்கச் சொன்னான். மாணிக்கவாசகமும் நானும் ஒரே சைக்கிளில் பின்னால் போனோம்.

எங்களை வராந்தாவிலேயே நிறுத்திவிட்டார்கள். கதவு ஒருக்களித்திருந்தது. பொன்னியம்மாள் மரக்குழலைக் குழலியின் வயிற்றில் வைத்துக் காதைப் பொருத்தினாள். எடுத்து வேறு இடத்தில் வைத்தாள். இன்னும் கீழே வைத்தாள். வெளியே பேசிக்கொண்டிருந்த ஆயாக்களைக் கையால் அடக்கிவிட்டு, மறுபடி முதல் இடத்திலேயே வைத்துக் கேட்டாள். ரொம்ப நேரம் கேட்டாள்.

பிறகு மரக்குழலின் வாயைத் துணியால் துடைத்துக்கொண்டே, "கொழந்தைக்குத் துடிப்பு இல்லம்மா" என்றாள். "டாக்டரம்மா வரட்டும். வலி வர மருந்து வெப்பாங்க. நீ பெத்துத்தான் ஆவணும்."

ஏலவார்குழலி அழவில்லை. கூரையைப் பார்த்தபடி கிடந்தவள் தலையை மட்டும் திருப்பி மாமியாரைப் பார்த்தாள்.

"சொல்லியிருந்தா துன்னிருக்க மாட்டேனே அத்த" என்றாள்.

கமலாட்சி கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். எனக்குக் கேட்டது மாணிக்கவாசகத்துக்குக் காதில் ஏறவில்லை. கதவிடுக்கில் முகத்தை வைத்துக்கொண்டு, "அம்மா, இன்னா சொல்றாங்க? அம்மா, இன்னா சொல்றாங்க?" என்று கேட்டுக்கொண்டே இருந்தான்.